அப்பாயி குரலுக்கு நான் வாயசைக்கலாமா?

போன இதழ்ல, டாகுமென்டரி படத்துலயும் நடிகர்கள் வேலை செய்யறாங்கன்னு போற போக்குல ரெண்டு வரி எழுதியிருந்தேன். அதுக்கு டெல்டா பக்கத்துலேருந்து இத்தனை பேர் கேள்வி அனுப்புவீங்கன்னு நினைக்கல. அதனால இந்த இதழ் முழுக்க அதுதான், மத்த கேள்விகளை அடுத்த இதழ்ல பார்ப்போம்.

அக்கா, நான் நாடகம் படிக்கிறேன். தெருநாடகம் நாலஞ்சு பண்ணியிருக்கேன், படம்னா இதுதான் மொதத் தடவை. எங்க அப்பாயி நடவாளு. அவங்க பாடின நடவுப்பாட்டு, ஒப்பாரி, பழைய கதையெல்லாம் ஒன்னரை மணி நேரம் போன்ல ரெக்கார்ட் பண்ணி வச்சிருந்தேன். போன வருஷம் தவறிட்டாங்க. ஒரு டைரக்டர் அதைக் கேட்டுட்டு, "அந்தக் குரலுக்கு நீயே வாயசைச்சு வயல்ல நடிச்சுக் கொடு, எக்ஸ்பெரிமென்டல் டாகுமென்டரியா, அதாவது வழக்கமா இல்லாம புதுசா ஒரு முறையில பண்ணலாம்"ங்கறார். அப்பா, "செத்தவங்க குரலை வச்சு விளையாடாதே"ங்கறார். எனக்கு ஆசையாவும் இருக்கு, பயமாவும் இருக்கு. பண்ணலாமா?
(மாணவி, திருவையாறு பக்கம்)

பண்ணு தங்கச்சி. ஆனா அப்பா சொன்னதைத் தூக்கி ஓரமா வச்சுட்டுப் பண்ணாதே, அவர் பயத்துல நியாயம் இருக்கு, அதுக்கு அப்புறம் வர்றேன்.

மொதல்ல ஒன்னு, இந்த முறை ஏற்கனவே ஒருத்தங்க நடந்து பார்த்த பாதைதான். இங்கிலாந்துல பிராட்ஃபோர்டுன்னு ஒரு ஊரு, அங்க ஏழை ஜனங்க இருக்கற குடியிருப்புல வளர்ந்து அந்தத் தெருவையே நாடகமா எழுதினவங்க ஆண்ட்ரியா டன்பர், 1990ல 29 வயசுலயே போய்ச் சேர்ந்துட்டாங்க. அவங்களையும் அவங்க குடும்பத்தையும் பத்தி கிளியோ பர்னார்ட் 2010ல 'தி ஆர்பர்'னு ஒரு படம் எடுத்தாங்க. குடும்பத்துக்காரங்க பேசினதை வெறும் ஆடியோவா பதிவு பண்ணிக்கிட்டு, நடிகர்களை அந்த ஆடியோவுக்கு வாயசைக்க வச்சாங்க. மூத்த மகளா வர்றது மஞ்சிந்தர் விர்க்ங்கற நடிகை, குரல் மட்டும் நிஜ மகளோடது. பார்க்கப் பார்க்க, இந்த வாயிலேருந்து இந்தக் குரல் வரலைன்னு மெதுவா உறைக்கும் பாரு, அந்த நூலிழை இடைவெளியிலதான் படத்தோட உயிரே இருக்கு. "நான் அவ இல்ல, அவ சொன்னதைச் சுமந்துக்கிட்டு நிக்கிறேன்"னு அந்த நடிகை ஒவ்வொரு ஷாட்லயும் ஒத்துக்கறா மாதிரி எனக்குத் தோணும்.

இப்ப உன் கதைக்கு வருவோம். அப்பாயி அதையெல்லாம் எங்க இருந்து பாடினாங்க? நீ எழுதலை, ஆனா ஒன்னரை மணி நேரம்னா திண்ணையிலயோ கயித்துக் கட்டில்லயோ உக்காந்துதான் பாடியிருப்பாங்கன்னு நினைக்கிறேன். டைரக்டர் உன்னை வயல்ல குனிய வச்சு வாயசைக்கச் சொல்றார், இங்கதான் நீ சண்டை போடணும். நடவு நடறவங்க இடது கையில நாத்து முடியைப் புடிச்சுக்கிட்டு, வலது கையால ரெண்டு மூணா பிரிச்சு சேத்துல அழுத்திக்கிட்டே பின்னாடி பின்னாடி நகர்றாங்க, வயிறு மடிஞ்சு கிடக்கும், மூச்சு நீளாது. ஒருத்தி ஒரு அடி எடுத்துக் கொடுக்க மத்தவங்க வாங்கிப் பாடறது அந்த உடம்புக்குத் தோதா இருக்கும், மத்தவங்க பாடற நேரத்துல எடுத்துக் கொடுத்தவ மூச்சு வாங்கிக்குவா. திண்ணையில தனியா உக்காந்து வயசான காலத்துல பாடின குரல்ல இருக்கற மூச்சு அது இல்ல. அந்த மூச்சை இந்த உடம்புல ஒட்டினா, சினிமா தெரியாத நம்ம ஊரு பொம்பளைங்க கூட "என்னமோ பொய்யா இருக்கே"ன்னுடுவாங்க. அதனால திண்ணையில பதிவு பண்ணினதுக்கு அதே திண்ணையில உக்காந்து வாயசை. வயல்ல வாயை மூடிக்கிட்டு நடவு மட்டும் நடு, அப்பாயி குரல் அந்தக் காட்சி மேல ஓடட்டும்.

வார்த்தையைப் புடிக்கிறது ஒரு வாரத்துல வந்துடும், இருமலும் எச்சில் முழுங்கறதும் நடுவுல யாரையோ "ஏய் அந்தக் கோழியை விரட்டு"ன்னு அதட்டறதும்தான் மாசக்கணக்குல ஆகும். அப்பாயி வெத்தலை போடுவாங்களா? ஒரு பக்கம் அதக்கிக்கிட்டுப் பேசறவங்களுக்கு தாடை வேற மாதிரி அசையும், பல்லு எத்தனை இருந்துச்சுங்கறதை வச்சு உதடு உள்ள மடியும், இதெல்லாம் ஆடியோவுலயே கேக்கும், ஹெட்போன் போட்டுக்கிட்டு ராத்திரியில கேளு. அப்புறம் ஒரு பருவமாவது நிஜமா நடவுக்குப் போ. மேட்டூர் தொறந்து தண்ணி வந்ததும் குறுவைக்குப் போனாலும் சரி, சம்பாவுக்குப் போனாலும் சரி, கூலி வாங்கிக்கிட்டுப் போ, வேடிக்கை பார்க்கப் போகாதே. நம்ம பக்கம் நடவு மெஷின் வந்துடுச்சு, வடக்கேருந்து வந்தவங்களும் வந்து நடறாங்க, வயல்ல தமிழ்ப்பாட்டு கேக்கறதே அபூர்வமாயிடுச்சு. பாட்டு இருக்கு, பாடின ஆளு இல்ல, பாடின இடமும் மாறிப்போச்சு. இந்த மாதிரி இடத்துலதான் ஒரு டாகுமென்டரிக்கு நடிகை தேவைப்படறா.

இப்ப அப்பா விஷயம். பல வருஷத்துக்கு முன்னாடி நாகப்பட்டினம் கடற்கரையில ஒரு படத்துல நான் நடிச்சேன், 2004 டிசம்பர் 26 சுனாமியில பிள்ளையைப் பறிகொடுத்த ஒரு அம்மா சொன்னதை எழுதி வச்சு நான் பேசினேன். அழுதேன், மார்ல அடிச்சுக்கிட்டேன், யூனிட்ல இருந்தவங்கல்லாம் கண்ணைத் துடைச்சுக்கிட்டாங்க. படம் வெளியூரு ஃபெஸ்டிவல்லெல்லாம் ஓடி முடிஞ்ச பிறகு கடைசியாத்தான் அந்த அம்மாகிட்ட காட்டினோம். முழுசா பார்த்துட்டு அவங்க என் கையைப் புடிச்சுக்கிட்டு சொன்னாங்க, "நல்லாதான் பண்ணியிருக்கே தாயி, ஆனா நான் அன்னிக்கு அழுவலையே, பாத்திரம் கழுவிக்கிட்டு இருந்தேன்"னு. எனக்கு இன்னிக்கு வரைக்கும் அது ஆறலை. எழுதி வச்சதுல அழுதாங்கன்னு எங்கயும் இல்ல, அழுகை நானா போட்டுக்கிட்டது. அவங்ககிட்ட முன்னாடியே போய் ஒரு வார்த்தை "அப்ப என்ன பண்ணிக்கிட்டு இருந்தீங்க"ன்னு கேட்டிருந்தா நான் பாத்திரம் கழுவியிருப்பேன், படமும் ஆயிரம் மடங்கு நல்லா இருந்திருக்கும்.

அதனால சொல்றேன், எடிட்டிங் முடியறதுக்கு முன்னாடி அப்பா பார்க்கணும், அத்தைங்க பார்க்கணும், அப்பாயிகூட ஒன்னா நடவு நட்டவங்க பார்க்கணும், அவங்க வேணாங்கற இடம் படத்துல இருக்கக்கூடாது. இதை டைரக்டர் ஒத்துக்கிட்டா மட்டும் பண்ணு. இன்னொன்னும் கேளு. மணி கௌல்ங்கற டைரக்டர் 1989ல ஃபிலிம்ஸ் டிவிஷனுக்காக, மத்திய அரசோட டாகுமென்டரி எடுக்கற அமைப்பா இருந்தது அது, 'சித்தேஸ்வரி' எடுத்தார், தும்ரிங்கற வடக்கத்தி பாட்டு வகையைப் பாடின பனாரஸ் பாடகி சித்தேஸ்வரி தேவியைப் பத்தின படம். அதுல நடிச்ச மீதா வசிஷ்ட் அப்ப தேசிய நாடகப் பள்ளி முடிச்சு ரெண்டு வருஷம்தான் ஆன புது நடிகை. படம் பூரா அவங்க உடம்புல சித்தேஸ்வரி வந்து போவாங்க, கடைசியில பார்த்தா, மீதா உக்காந்து டிவியில நிஜ சித்தேஸ்வரி பாடற பழைய பதிவைப் பார்த்துக்கிட்டு இருப்பாங்க. அந்த இடம் வந்தா எனக்கு தொண்டை அடைச்சுக்கும். உன் படத்துலயும் எங்கயாவது ஒரு இடத்துல நீ வாயசைக்காம, சும்மா உக்காந்து அப்பாயி குரலைக் கேக்கற மாதிரி ஒரு ஷாட் இருக்கட்டும்.

நடிச்சா அது எப்படிம்மா டாகுமென்டரி? உள்ளதை உள்ளபடி காட்டறதுக்குத்தானே அந்தப் பேரு? நாடகம்னு சொல்லிட்டுப் போகலாமே.
(ஓய்வு பெற்ற ஆசிரியர், மன்னார்குடி)

ஐயா, உங்க கோபம் எனக்குப் புடிச்சிருக்கு. ஆனா டாகுமென்டரிக்குப் பிள்ளையார் சுழின்னு நிறைய பேர் சொல்ற படத்துலேருந்தே நடிப்பு இருக்கு. 1922ல ராபர்ட் ஃப்ளாஹர்ட்டி எடுத்த 'நானூக் ஆஃப் த நார்த்', வட கனடாவுல பனியில வாழற இனூயிட் ஜனங்களைப் பத்தின படம், அதுல நானூக்கா வர்றவரோட நிஜப் பேரு அல்லகரியல்லக். அந்தக் காலத்துலயே அவங்க ஜனங்க துப்பாக்கி வச்சுக்கிட்டு வேட்டையாடினாங்க, படத்துக்காகப் பழையபடி ஈட்டியைத் தூக்கினாங்க. பனிவீட்டுக்குள்ள வெளிச்சம் பத்தலைன்னு பாதி வீடு மட்டும் கட்டி அதுல தூங்கற மாதிரி எடுத்தாங்க. எனக்கு அதுல வருத்தம் என்னன்னா, நடிப்புன்னு யாருகிட்டயும் சொல்லலை. இப்ப எக்ஸ்பெரிமென்டல் டாகுமென்டரின்னு பண்றவங்கள்ல நல்லவங்க அதை மறைக்கறதில்ல, "இவ நடிகை, இது இன்னொருத்தர் குரல்"னு முகத்துக்கு நேரா சொல்லிடறாங்க.

ஆனா ஒரு இடத்துல நான் முழுக்க உங்க பக்கம். சாட்சி உயிரோட இருந்து பேசத் தயாராவும் இருந்தா நடிகர் ஒதுங்கி நிக்கணும். உங்க ஊருக்குப் பக்கத்துலயே கீழவெண்மணி, 1968 டிசம்பர் 25 ராத்திரி 44 பேரைக் குடிசையோட எரிச்ச இடம். பாரதி கிருஷ்ணகுமார் எடுத்த 'ராமய்யாவின் குடிசை'யில அந்த ராத்திரியைக் கண்டவங்களே பேசறாங்க, அந்த முகங்களுக்குப் பதிலா எந்த நடிகனை நிறுத்தினாலும் அது பாவம். இன்னும் முப்பது நாப்பது வருஷம் போய் அந்தத் தலைமுறை இல்லாம போனப்புறம் என்ன பண்றதுங்கறது வேற கேள்வி, அப்ப அந்தப் பதிவுகளோட முன்னாடி ஒரு சின்னப் பொண்ணு உக்காந்து கேட்டா அது நாடகமாயிடாதுன்னுதான் நினைக்கிறேன் ஐயா.

எக்ஸ்பெரிமென்டல்னா யாருக்கும் புரியாம எடுக்கறதுதானே?
(நாகப்பட்டினம்)

இல்ல. பிரமோத் பதி 1972ல ஃபிலிம்ஸ் டிவிஷன்லேருந்து எடுத்த 'ஆபித்'னு ஒரு குட்டிப்படம் இருக்கு, ஓவியர் ஆபித் சுர்த்தியே அதுல வர்றார். ஒரு ஃப்ரேம், கொஞ்சம் நகரு, இன்னொரு ஃப்ரேம்னு பொம்மையை எடுக்கற மாதிரி ஆளை வச்சு எடுத்தது. உங்க வீட்டுப் பிள்ளைங்களுக்குப் போட்டுக் காட்டுங்க, குதிச்சுக்கிட்டுப் பார்க்கும்.

அக்கா, கஜா புயல்ல எங்க தென்னந்தோப்பு மொத்தமும் சாஞ்சுடுச்சு. மறுநாள் காலையில அப்பா தோப்புல நின்ன மாதிரி என்னை நடிக்கச் சொல்றாங்க, படத்துல அது முக்கியமான சீன். ரிகர்சல்லயே கை நடுங்குது, பேச்சு வரமாட்டேங்குது. நடிகனாகணும்னு இருக்கறவனுக்கு இது பலவீனமா?
(பேராவூரணி பக்கம்)

பலவீனம் இல்ல தம்பி. 2018 நவம்பர் 16 விடியக்காலையில நடந்தது உன் உடம்புல இருக்கு, அது நடுங்காம வேற என்ன பண்ணும். புதுசா வச்ச தென்னை காய்க்கவே வருஷக்கணக்கு ஆகும்னா மனசு மட்டும் எப்படி ஒரு ரிகர்சல்ல சரியாகும்.

உனக்கு ஒரு வழி சொல்றேன், டைரக்டர்கிட்ட கேட்டுப் பாரு. 1960 கோடையில பாரிஸ்ல ஜான் ரூஷும் எட்கர் மொரானும் 'க்ரானிக்கிள் ஆஃப் எ சம்மர்' எடுத்தாங்க. அதுல மார்செலின் லோரிடன்னு ஒரு பொண்ணு, பதினஞ்சு வயசுல அப்பாவோட கைதாகி நாஜி முகாமுக்குக் கொண்டுபோகப்பட்டு இவ மட்டும் திரும்பி வந்தவ. அவளை உக்கார வச்சு "சொல்லு சொல்லு"ன்னு நோண்டலை. டேப் ரெக்கார்டரை அவ தோள்லயே மாட்டிவிட்டு, மைக்கையும் அவகிட்டயே கொடுத்து, பெரிய சதுக்கத்துல தனியா நடக்க விட்டாங்க, கேமரா தள்ளிப் போகுது, அவ அப்பாகிட்ட பேசற மாதிரி முணுமுணுன்னு பேசிக்கிட்டே வர்றா. பேசும்போது அவ என்ன சொல்றாங்கறது பக்கத்துல யாருக்கும் கேக்கலை. பேச்சு அவ கையில இருந்துச்சு, எப்ப ஆரம்பிக்கணும் எப்ப நிறுத்தணுங்கறதும் அவகிட்டதான் இருந்துச்சு. நீயும் காலர் மைக்கை மாட்டிக்கிட்டு யூனிட்டை வரப்புக்கு அந்தாண்ட நிறுத்திட்டு தோப்புக்குள்ள தனியா நட. அப்பாவா நடிக்கணும்னு இல்ல, அப்பாகிட்ட பேசு. சரியா வரலைன்னா அன்னிக்கு விட்டுடு. "இன்னிக்கு முடியாது"ன்னு சொல்ற உரிமை உனக்கு இருக்கணும், அதை மொத நாளே பேசிக்க. ஷூட்டிங் முடிஞ்சு ராத்திரி நீ தனியா தூங்கப் போகாதே, வீட்டுல யாராவது கூட இருக்கட்டும். அப்பா இருக்காருன்னா அவரைக் கேட்டுக்கிட்டியா, அதை நீ எழுதலை.

எங்க பொண்ணு ஒரு டாகுமென்டரியில நடிக்கிறா. சம்பளம் கிடையாது, பேட்டா மட்டும்தானாம். ஒரு பேப்பர்ல கையெழுத்து கேக்கறாங்க. போடலாமா?
(கும்பகோணம்)

படிக்காம போடக்கூடாதுங்க. டாகுமென்டரிக்குப் பெரிய பணம் கிடையாதுங்கறது நிஜம்தான், ஆனா கேமராமேனுக்கும் சவுண்டு எடுக்கறவருக்கும் வாடகை, சம்பளம்னு கொடுத்துட்டு நடிக்கிற பொண்ணுக்கு மட்டும் "அனுபவம் கிடைக்கும்"னு சொன்னா அதை நான் ஒத்துக்க மாட்டேன்.

பேப்பர் விஷயத்துல சட்டம் என்ன சொல்லுதுன்னா, 1957 காப்புரிமைச் சட்டத்துல 38வது பிரிவு நடிகர், பாடகர் மாதிரி கலைஞர்களுக்குன்னு தனி உரிமை தருது, 50 வருஷத்துக்கு. 2012ல திருத்தம் வந்து 38ஏ, 38பி சேர்ந்துச்சு. இதுல கவனிக்க வேண்டியது, ஒரு படத்துல தன் நடிப்பைச் சேர்த்துக்கலாம்னு எழுத்துல சம்மதம் கொடுத்துட்டா, ஒப்பந்தத்துல வேற மாதிரி போட்டிருந்தா ஒழிய, அப்புறம் தயாரிப்பாளர் அந்தப் படத்துல அதைப் பயன்படுத்தறதைத் தடுக்க முடியாது. அதனால "முடிச்ச படத்தை எனக்குக் காட்டணும், இந்தக் காட்சியை வேற படத்துக்கோ விளம்பரத்துக்கோ கொடுக்கக்கூடாது"ங்கற ரெண்டு வரியைக் கையெழுத்துக்கு முன்னாடியே எழுத வைங்க. காசு பண்ற விதமா படத்தைப் பயன்படுத்தினா ராயல்டி உண்டுன்னும் 38ஏ சொல்லுது. பேர் போடச் சொல்ற உரிமையும், தன் மானம் போற மாதிரி நடிப்பைத் திரிச்சா எதிர்க்கற உரிமையும் 38பியில வருது. டைட்டில்ல பேர் வரணுங்கறதுல மட்டும் விட்டுக்கொடுக்காதீங்க, பேரே போடற வழக்கமில்லாத சில்லறை வேஷம்னு ஆயிட்டா இந்த உரிமையில பெரும்பகுதி கையில நிக்காது.

இதுக்குப் பயிற்சி எங்க எடுக்கறது? சென்னைக்குப் போனாதான் முடியுமா? இதுல எதிர்காலம் உண்டா?
(மயிலாடுதுறை)

உங்க ஊருக்குப் பக்கத்துல இருக்கற புஞ்சையில பொறந்த ந. முத்துசாமிதான் 1977ல சென்னையில கூத்துப்பட்டறைங்கற நாடகக் குழுவை ஆரம்பிச்சார்ங்கறதை ஞாபகம் வச்சுக்கங்க, நம்ம மண்ணு ஆளு சென்னையில உக்காந்து தெருக்கூத்தைப் பார்த்து நடிகன் உடம்பைப் பத்தி யோசிச்சிருக்கார். சென்னைக்குப் போறதுல தப்பில்ல. ஆனா போறதுக்கு முன்னாடி நரசிம்ம ஜெயந்தி சமயத்துல தஞ்சாவூர் பக்கம் மெலட்டூருக்கு ஒரு ராத்திரி போய் பாகவத மேளாங்கற நாட்டிய நாடகத்தைப் பாருங்க. ஆம்பளைங்கதான் பொம்பளை வேஷமும் கட்டறாங்க, வேலைக்குன்னு எங்கெங்கயோ போனவங்க வருஷா வருஷம் அதுக்காக வந்து சேர்றாங்க, தாத்தா கட்டின வேஷத்தைப் பேரன் கட்டறார். நரசிம்மர் முகமூடியை வெறும் சாமானா நினைக்கறதில்ல, பூஜை பண்ணி விரதமிருந்துதான் போட்டுக்கறாங்க. இன்னொருத்தரை நம்ம உடம்புல ஏத்திக்கறதுக்கு முன்னாடி அந்த மாதிரி ஒரு அடக்கம் வேணும், டாகுமென்டரியில நடிக்க வர்ற பிள்ளைங்களுக்கு நான் மொதல்ல சொல்றது அதைத்தான்.

எதிர்காலம் கேட்டீங்க. உமரு கண்டான்னு ஒருத்தர், ஆப்பிரிக்காவுல நைஜர் நாட்டுக்காரர், பிரெஞ்சுப் படையில சேர்ந்து வியட்நாம் பக்கம் நடந்த இந்தோசீனப் போருக்குப் போய்ட்டு வந்து ஐவரி கோஸ்ட் நாட்டுல அபிஜான் நகரத்துல கூலி வேலை பார்த்துக்கிட்டு இருந்தார். நான் மேல சொன்ன ஜான் ரூஷ் 1958ல அவரையே அவரை மாதிரி நடிக்க வச்சு 'முவா, அன் நுவார்' எடுத்தார். எடுக்கும்போது பேச்சைச் சேர்த்துப் பதிவு பண்ற வசதி இல்ல, அப்புறமா படத்தைப் போட்டுக் காட்ட, உமரு பார்த்துக்கிட்டே மனசுல வந்ததைப் பேசினார், அதுதான் படத்தோட குரல். பத்து வருஷம் கழிச்சு அவரே டைரக்டராகி, போர்லேருந்து ஊர் திரும்பற சிப்பாயைப் பத்தி 'கபாஸ்கபோ' எடுத்தார். தன்னைப் பத்தின படத்துல அடுத்தவர் கேமராவுக்கு நடிச்ச ஆளு, அந்தப் போர்க் கதையைத் தன் கேமராவுல தானே சொல்லிட்டார். நடிச்சுக்கிட்டு இருக்கும்போதே சவுண்டு, எடிட்டிங் கத்துக்கங்க, போன்லயே ஆரம்பிக்கலாம்.

எங்க ஊர்ல எடுத்த படத்தை எங்க ஊர்லயே போட ஆசைப்படறோம். எப்படிப் பண்றது?
(திருத்துறைப்பூண்டி பக்கம்)

கேரளாவுல திருவனந்தபுரத்துல நடக்கற டாகுமென்டரி விழாவுக்கும் மும்பை விழாவுக்கும் அனுப்பறதைப் பத்தித்தான் எல்லாரும் கேக்கறாங்க, நீங்க ஒருத்தர்தான் ஊர்ல போடறதைக் கேட்டிருக்கீங்க, சந்தோஷம். அறுப்பு முடிஞ்சு களம் காலியா இருக்கற சமயமா பாருங்க, அறுப்பு நாள்ல யாரும் கண்ணு முழிச்சிருக்க மாட்டாங்க. வெள்ளை வேட்டி ரெண்டைச் சேர்த்துத் தச்சா திரையாயிடும், சுருக்கம் இல்லாம இழுத்துக் கட்டுங்க. ப்ரொஜெக்டர் வாடகைக்குக் கிடைக்கும், கரண்ட் போனா என்ன பண்றதுன்னு ஜெனரேட்டருக்குச் சொல்லி வைங்க. காசு இருந்தா அதை நல்ல ஸ்பீக்கருக்குச் செலவு பண்ணுங்க, படம் கொஞ்சம் மங்கலா தெரிஞ்சாலும் பரவாயில்ல, பேச்சு புரியலைன்னா எழுந்து போயிடுவாங்க. முன்னாடி நாற்காலி போட்டுப் பெரிய மனுஷங்களை உக்கார வைக்காதீங்க, அங்க பாய் விரிச்சு யாரு கதையோ அவங்களை உக்கார வைங்க. படத்துல நடிச்ச பிள்ளையும் அவங்க பக்கத்துலயே உக்காரட்டும்.